காதுக்குள் ஒரு சொட்டு

காளி கோயில் வேள்வியில் ஆட்டை வெட்டுவதற்கு முன் ஆட்டிடம் சம்மதம் கேட்க வேண்டும். இது சட்டம். மாலை போட்டு, குங்குமம் பூசி, மஞ்சள் தண்ணீர் தெளிப்பார்கள். ஆடு உடம்பைச் சிலிர்த்துத் தலையை உதறினால் காளியாச்சி உத்தரவு தந்துவிட்டாள் என்று அர்த்தம். உதறாவிட்டால் கத்தியை எடுக்கக் கூடாது. எவ்வளவு நியாயமான சட்டம் பாருங்கள். அந்தக் காலத்து வன்னியில் மனிதர்களிடம்கூட யாரும் இப்படிக் கேட்டுவிட்டு எதையும் செய்ததில்லை.

மாங்குளத்திலிருந்து தண்ணீரூற்றுப் பக்கம் போகிற ரோட்டில் இறங்கி, வாய்க்கால் ஓரமாக உள்ளே நடந்தால் வருகிற குடியேற்றத்தில், அந்தத் தண்ணீரைத் தெளிக்கிறவன் ராசு. பதினொரு வருசமாக அவன்தான். அவன் தெளித்து உதறாத ஆடு கிடையாது. “அவன்ட கையில ஆச்சி நிக்கிறா” என்று ஊர் சொன்னது.

ராசுவின் கையில் நின்றது ஒரு சொட்டுத் தண்ணீர். அவ்வளவுதான்.

வேப்பங்குழைக் கொத்தால் ஆட்டின் முதுகில் தெளிப்பது ஊர் பார்ப்பதற்கு. குழையைத் தலைப்பக்கம் கொண்டுபோகும்போது சின்ன விரல் நுனியில் ஒரு சொட்டைத் தொங்கவிட்டு, அதை ஆட்டின் காதுக்குள் இறக்கிவிடுவதுதான் வேலை. காதுக்குள் தண்ணீர் போனால் ஆடு என்ன, மாடு என்ன, பென்சன் எடுத்த தலைமையாசிரியர்கூடத் தலையை உதறுவார். சந்தேகம் உள்ளவர்கள் வீட்டில் நித்திரை கொள்ளும் ஆட்களில் பரீட்சித்துப் பார்க்கலாம். அதற்குப் பிறகு விழுகிற அடிக்கு இந்தக் கதை பொறுப்பில்லை.

ராசு இதை யாரிடமும் படிக்கவில்லை. முதல் வருசம் முதல் ஆடு கல்லுமாதிரி நின்றது. ஊரே அவனைப் பார்த்தது. கை நடுங்கி ஒரு சொட்டு வழுக்கி ஆட்டின் காதில் விழுந்தது. ஆடு உதறியது. பறை முழங்கியது. அன்றைக்கு ராசு பயபக்தியோடு விழுந்து கும்பிட்டான். இரண்டாவது ஆட்டுக்குச் சந்தேகத்தோடு அதையே செய்து பார்த்தான். மூன்றாவது ஆட்டுக்கு அவனுக்குச் சந்தேகமே இருக்கவில்லை.

அவன் பிறந்தது மலைநாட்டுத் தேயிலைத் தோட்டத்தில். எழுபத்தேழாம் ஆண்டுக் கலவரத்தில் தொழிலாளர் லயத்துக்கு நெருப்பு வைத்தபோது, தாலி கட்டிப் பத்து மாதமான பேச்சியம்மாவோடும் ஒரு சோற்றுப் பானையோடும் லொறி ஏறி வன்னிக்கு வந்தான். யாழ்ப்பாணத்திலிருந்து வந்தவர்களுக்குக் குளத்துக்குக் கீழே வயல் கொடுத்தார்கள். ராசுவுக்கு அந்த வயல்களில் வேலை கொடுத்தார்கள். கோயிலிலும் அதே கணக்குத்தான். பூசையும் கத்தியும் காணிக்காரருக்கு. கூட்டுவதும், இரத்தம் கழுவுவதும், ஆட்டுக்குத் தண்ணீர் தெளிப்பதும் ராசுவுக்கு. இருபது வருசத்தில் அவனுடைய பேச்சு பாதி மலையும் பாதி வன்னியுமாக ஆகியிருந்தது. நெஞ்சு கலங்கினால் மட்டும் மலை முழுசாக இறங்கி வந்துவிடும்.

பிள்ளைகள் இல்லை. தொண்ணூற்றாறு மாரியில் பேச்சியம்மாவுக்கு மலேரியா வந்தது. மருந்தெல்லாம் இராணுவத் தடையால் வவுனியாவுக்கு அந்தப் பக்கம் நின்றது. காய்ச்சல் மட்டும் தடை இல்லாமல் உள்ளே வந்தது. ராசு வேள்விக்குக் காத்திராமல் தன்னுடைய ஒரே கிடாயைக் கோயிலுக்கு இழுத்துக்கொண்டு போனான். இந்த ஒருமுறை மட்டும் விரலை வளைக்கக் கூடாது, ஆச்சியே சொல்லட்டும் என்று நினைத்துக்கொண்டு தெளித்தான். ஆடு உதறவில்லை. இரண்டாம் தரமும் உதறவில்லை. மூன்றாம் தரம் குழையைத் தூக்கியபோது, பாயில் நடுங்கிக்கொண்டு கிடக்கிறவளின் முகம் ஞாபகம் வந்தது. சின்ன விரல் தானாக வளைந்தது.

ஆடு அருமையாக உதறியது. ஒன்பதாம் நாள் பேச்சியம்மா செத்துப்போனாள்.

ஊர் வந்து அழுதது, சாம்பல் அள்ளியது, போனது. விதி என்றார்கள். ராசுவுக்கு மட்டும் ஒரு கேள்வி மிச்சம் இருந்தது. இரண்டு தரம் ஆடு சும்மா நின்றதே, அது ஆச்சி சொன்ன பதிலா? அந்தப் பதிலை அவன்தான் ஒரு சொட்டால் அழித்தானா? இதை யாரிடமாவது கேட்கலாம் என்றால் முதலில் சொட்டைப் பற்றிச் சொல்ல வேண்டும். ஆகவே கேட்கவில்லை. காலையில் ஒருதரம் சமைத்து இரண்டு வேளை தின்றான். ஒரு மாதம் வரைக்கும் இரண்டு பேருக்கு அரிசி போட்டு, மிச்சத்தைக் காகத்துக்கு வைத்தான். பிறகு கை அளவு பழகிவிட்டது. கை எதற்கும் பழகிவிடும்.

அந்தக் காலத்தில்தான் கமலாசனி அவனைக் கூப்பிட்டாள்.

கமலாசனி வாய்க்காலுக்கு அடுத்த கரையில் தனியாக இருந்தவள். அவளுடைய மனுசன் வவுனியாவுக்குச் சாமான் எடுக்கச் சைக்கிளில் போனவர். போகும்போது, “சவுக்காரம் ரெண்டு கட்டி, பற்றரி நாலு, வேற என்ன?” என்று வேலிப் படலையில் நின்று கேட்டார். “கெதியா வாங்கோ” என்றாள். அவர் சீக்கிரமும் வரவில்லை, பிந்தியும் வரவில்லை. மூன்று மாதம் அவள் ரோட்டைப் பார்த்துக்கொண்டு இருந்தாள். அப்போது வீட்டு ஆடு ஒரு கிடாய்க்குட்டி போட்டது. கமலாசனி அதைத் தூக்கிக்கொண்டு கோயிலுக்குப் போய், “காளியாச்சி, இது உனக்கு. இன்னும் ரெண்டு வைகாசியில தாறன். அவரைக் கொண்டுவந்து விடு” என்று சொல்லிவிட்டாள்.

ஆள் வந்தால் தருவேன் என்றுதான் சொல்லியிருக்க வேண்டும். எல்லாரும் அப்படித்தான் நேர்த்தி வைப்பார்கள்; கடவுளோடு கதைக்கும்போது மனிதர்கள் கொஞ்சம் கவனம். அவளுக்கு அந்தக் கவனம் இல்லை. ஆள் வந்தாலும் வராவிட்டாலும் ஆடு போக வேண்டியதுதான் என்று ஆகிவிட்டது.

அந்தக் கிடாய்க்குத் தாடி முளைத்தது. எதைக் கொடுத்தாலும் தலையைச் சரித்து, பிழை பிடிக்கிறமாதிரிப் பார்த்துவிட்டுத்தான் தின்னும். அவள் அதற்கு வாத்தியார் என்று பெயர் வைத்தாள். குண்டு போடுகிற கிபிர் விமானத்தின் சத்தம் மனிதக் காதுக்குக் கேட்பதற்கு முன்னமே வாத்தியாருக்குக் கேட்கும். கயிற்றோடு ஓடிப்போய்ப் பங்கர்க் குழிக்குள் முதலில் இறங்கி மூலையில் நிற்கும். பிறகு கமலாசனி இறங்குவாள். இரண்டு பேரும் பங்கருக்குள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டு இருப்பார்கள். “வாத்தியார், போட்டானோ போயிட்டானோ?” என்று அவள் கேட்பாள். வாத்தியார் அசைபோடத் தொடங்கினால் போய்விட்டான் என்று அர்த்தம்.

ராசுவுக்கு வேலை, வாத்தியாருக்குக் குழை வெட்டிக் கொண்டுவருவது. பலாக்குழை, பூவரசங்குழை, கிடைத்தால் முருங்கை. பின்னேரம் நாலு மணிக்குக் குழைக் கட்டைப் போட்டால், “ராசண்ணை, தேத்தண்ணி குடிச்சிட்டுப் போங்கோ” என்று குசினி அடுப்படியிலிருந்து குரல் வரும். மற்ற வீடுகளில் அவன் குடிக்கத் தகரப் பேணி தனியாக வெளியே கொளுவியிருக்கும். அவள் கிளாசில் கொடுத்தாள். சீனி ஏது? கடிக்க ஒரு துண்டுப் பனங்கட்டி.

“உங்கட வாத்தியார் இன்னிக்கு என்னய முட்ட வந்தாரு தங்கச்சி.”

“நீங்கள் வீட்டுப்பாடம் செய்யாமல் வந்திருப்பியள்.”

கதைப்பது இவ்வளவுதான். சில நாள் இதுவும் இல்லை. ராசு வாசலில் குந்தியிருந்து குடிப்பான், கிளாசைக் கழுவிக் கவிழ்ப்பான், போவான். தனியாக இருக்கிற பெண்ணின் வீட்டுக்குத் தனியாக இருக்கிற ஆம்பிளை சும்மா போனால் ஊர் நாலு விதமாகக் கதைக்கும். குழைக் கட்டோடு போனால் கதைக்க மாட்டார்கள். ஆடு இருக்கிறவரைக்கும் குழை. குழை இருக்கிறவரைக்கும் தேத்தண்ணி. ராசுவின் ஒரு நாளில் இன்னொரு மனுசக் குரல் அவனுக்காகவே கேட்பது அந்தப் பத்து நிமிசம் மட்டும்தான்.

அதனால்தான் தொண்ணூற்றெட்டு வைகாசி வந்தபோது அவன் ஒரு முடிவெடுத்தான். வாத்தியாரின் காதுக்குள் ஒரு சொட்டும் விழாது. உதறாத ஆட்டை வெட்ட முடியாது. வெட்டாவிட்டால் எல்லாம் இப்படியே இருக்கும். கெட்டிக்கார யோசனை. ஒரே ஒரு விசயத்தை மட்டும் யோசிக்க மறந்துவிட்டான்.

வேள்வியை அப்போது பகலில் வைத்தார்கள். இரவில் வெளிச்சம் போட்டால் விமானம் வரும். காளியாச்சிக்கும் ஊரடங்கு. பூசாரி வீரகத்தியர் அறுபது வயதிலும் மீசைக்கு மை பூசுகிற ஆள். மருந்துக்குத் தடை இருந்த காலத்திலும் அந்த மை எப்படியோ வந்துகொண்டிருந்தது. அவர் மணியை ஆட்டினார். முதல் நாலு ஆடும் முறைப்படி உதறின. ஐந்தாவது வாத்தியார். கமலாசனி குளித்து, பெரிய பொட்டு வைத்து, கயிற்றைப் பிடித்துக்கொண்டு நின்றாள். வாத்தியார் சனத்தை ஒருதரம் பார்த்தது, வகுப்பில் யார் வரவில்லை என்று பார்க்கிறமாதிரி.

ராசு முதுகில் தெளித்தான். வாத்தியார் மாலையிலிருந்த செவ்வரத்தம்பூவைத் தின்றது.

“இன்னொருக்காத் தெளி” என்றார் வீரகத்தியர்.

தெளித்தான். விரலை உள்ளங்கைக்குள் மடித்து வைத்துக்கொண்டான். வாத்தியார் இரண்டாவது பூவைத் தின்றது. ஒன்றிரண்டு பேர் சிரித்தார்கள். மூன்றாம் தரம் தெளித்தபோது யாரும் சிரிக்கவில்லை.

“என்னடா ராசு, இது?”

“ஆச்சி வேணாங்குறா போல ஐயா.” நெஞ்சுக்குள் ராசுவுக்குப் பறை முழங்கியது.

அப்போதுதான் பின்னாலிருந்து நேசமலரின் குரல் கேட்டது. போன வருசம் கிடாய் கொடுத்து, காணாமல் போன மகன் திரும்பி வரப்பெற்றவள் அவள். கெட்ட மனுசி இல்லை. மெதுவாகக் கதைக்கத் தெரியாது, அவ்வளவுதான். “ஐயோ, அப்ப கமலாக்காவின்ட மனுசன் உயிரோட இல்லைப் போல. இருந்தால் ஆச்சி வாங்கியிருப்பாவே.”

ராசு திரும்பிப் பார்த்தான். கமலாசனி யாரையும் பார்க்கவில்லை. கயிற்றைக் கையில் சுற்றினாள், அவிழ்த்தாள், மறுபடி சுற்றினாள். “எட்டாம் நாள் மடைக்கு இன்னொருக்காக் கொண்டு வா பிள்ளை, பாப்பம்” என்று வீரகத்தியர் சொன்னது அவளுக்குக் கேட்டதோ தெரியாது. ஆட்டை இழுத்துக்கொண்டு நடந்தாள். சனம் வழி விட்டது, சாவீட்டுக்காரருக்கு விடுகிறமாதிரி.

இதைத்தான் அவன் யோசிக்க மறந்தது.

அடுத்த நாள் நாலு மணிக்கு ராசு குழைக் கட்டோடு போனான். இருந்ததில் நல்ல முருங்கைக்குழை. கமலாசனி கிணற்றடியில் அவருடைய சட்டைகளைத் தோய்த்துக் காயப்போட்டுக்கொண்டிருந்தாள். இரண்டு வருசமாகப் பெட்டிக்குள் இருந்த சட்டைகள். அவளுடைய நெற்றி வெறுமையாக இருந்தது.

“என்ன தங்கச்சி இது?”

“ஆருக்காவது குடுப்பம் எண்டு. இடம்பெயர்ந்து வந்த சனம் உடுப்பில்லாமல் இருக்குதுகள்.” சட்டையின் கையை இழுத்து நேராக்கினாள். “பூசாரியாரிட்டச் சொல்லியிருக்கிறன், அந்தியேட்டிக்கு ஒரு நாள் பாக்கச் சொல்லி. எட்டாம் மடையண்டைக்குச் சொல்லுறன் எண்டவர்.”

அந்தியேட்டி செத்தவர்களுக்குச் செய்வது.

“அவரு செத்தத நீ பாத்தியா?” மலை இறங்கி வந்துவிட்டது.

“ஆச்சி சொல்லிப்போட்டா அண்ணை. ரெண்டு வருசமா ஒருத்தரும் எனக்கு ஒண்டும் சொல்லேல்லை. அவா எண்டாலும் சொன்னவாதானே.” அவள் அழவில்லை. “தேத்தண்ணி போடேல்லை. குறை நினைக்காதேங்கோ.”

ராசு வீட்டுக்குப் போனான். சமைத்ததைக் காகத்துக்கு வைத்தான். அடுத்த நாளும் குழையோடு அவளிடம் போனான், தேத்தண்ணி இல்லை. அதற்கடுத்த நாளும். வாத்தியார் மட்டும் நன்றாகத் தின்றது. ஒரு ஆட்டின் கழுத்தைக் காப்பாற்றப்போய் ஒரு மனுசனைச் சாகடித்துவிட்டோமே என்று ராசுவுக்கு இருந்தது. அதுவும் எங்கே இருக்கிறான் என்றே தெரியாத மனுசனை. சொல்லிவிடலாம். ஆனால் சொன்னால் பதினொரு வருச ஆடுகளும் எழும்பி வரும். ஊர் தோலை உரிக்கும். அது போகட்டும். சொன்னால் அவனுடைய சொந்தக் கிடாயும் எழும்பி வரும், பேச்சியம்மாவின் கிடாய். அந்தக் கேள்வியை வாயால் சொல்லிக் காதால் கேட்க வேண்டும்.

ஆறாம் நாள் அவன் குழை கொண்டு போகவில்லை. வெறுங்கையோடு போனான். படலையடியில் நின்று, “தங்கச்சி, ஒரு செம்புல தண்ணி எடுத்துட்டு வா” என்றான்.

அவள் குடிக்கக் கேட்கிறான் என்று நினைத்துக் கொண்டுவந்தாள். ராசு வாங்கி, வாத்தியாரின் பக்கத்தில் குந்தினான். கையை நனைத்தான். சின்ன விரலிலிருந்து ஒரு சொட்டை அதன் காதுக்குள் விட்டான்.

வாத்தியார் கொம்பிலிருந்து வால்வரைக்கும் சிலிர்த்து உதறியது.

கமலாசனி செம்பைப் பார்த்தாள், ஆட்டைப் பார்த்தாள். “இன்னொருக்காச் செய்யுங்கோ.”

செய்தான். உதறியது.

“மற்றக் காதில.”

மற்றக் காதிலும் உதறியது. நாலாவது தரம் வாத்தியார் ராசுவை முட்டிவிட்டு, கயிறு எட்டுகிற தூரத்துக்கு விலகிப்போய் நின்றது.

“அன்னிக்கு நான் விடல. வேணும்னுதான் விடல. ஆட்டை வெட்டக் கூடாதுன்னு. ஆச்சி ஒண்ணும் சொல்லல தங்கச்சி. எப்பவும் நாந்தான்.”

“எப்பவும் எண்டால்?”

“எப்பவும்.”

“நேசமலரின்ட கிடாய்?”

“நாந்தான்.”

“அவளின்ட மகன் வந்தவன்தானே. அதுவும் நீங்களோ?”

ராசு செம்பைக் கீழே வைத்தான்.

“அக்காவின்ட கிடாய்?” அக்கா என்றது பேச்சியம்மாவை.

அவன் தரையைப் பார்த்துக்கொண்டு ஆமாம் என்று தலையை ஆட்டினான். பிறகு சொன்னான், எல்லாவற்றையும். இரண்டு தரம் உதறாமல் நின்றதை, மூன்றாம் தரம் விரல் வளைந்ததை. சொல்லி முடிய நெஞ்சு லேசாகும் என்று கேள்விப்பட்டிருக்கிறான். ஆகவில்லை. சொன்னது வெளியே ஒரு கல்லுமாதிரிக் கிடந்தது, அவ்வளவுதான்.

கமலாசனி கிணற்றடிக்குப் போனாள். காயப்போட்ட நாளிலிருந்து எடுக்காமல் கிடந்த சட்டைகளைக் கொடியிலிருந்து எடுத்தாள். மடித்தாள். மடித்த பிறகு கேட்டாள்: “அப்ப ஆடு உதறாததால அவர் இல்லை எண்டு இல்லை.”

“இல்ல.”

“உதறினாலும் வருவார் எண்டு இல்லை.”

குந்தியிருந்த ராசு எழும்பினான்.

“என்னட்ட இருந்தது அந்த ஒண்டுதான் அண்ணை. கெட்டதோ நல்லதோ, ஒரு பதில். அதையும் எடுத்துப்போட்டியள்.” குரல் உயரவில்லை. உயர்ந்திருந்தால் அவனுக்குக் கொஞ்சம் சுகமாக இருந்திருக்கும். “எட்டாம் மடைக்கு நான் இதைக் கொண்டு வருவன். நீங்கள் தெளியுங்கோ. காதுக்குள்ள விடுங்கோ.”

“விட்டா வெட்டிருவாங்க!”

“நீங்கள் உங்கட வேலையைச் செய்யுங்கோ. அதுக்குப் பிறகு இந்தப் பக்கம் வர வேண்டாம்.”

எட்டாம் மடைக்கு வேள்வியைவிடக் கூடுதலான சனம். காளியாச்சி வேண்டாம் என்று சொன்னது அந்த ஊரில் முதல்தரம். இரண்டாம் தரம் என்ன சொல்லுவா என்று பார்க்க, காய்ச்சல்காரர்கூடப் போர்த்துக்கொண்டு வந்திருந்தார்கள். மாங்குளப் பக்கம் ஷெல் சத்தம் விட்டுவிட்டுக் கேட்டது. வெட்டுகிறவன் கத்தியைத் தீட்டி வைத்துக்கொண்டு நின்றான்.

ராசு செம்பைத் தூக்கினான். வாத்தியார் அவனை அடையாளம் கண்டு காதை மடக்கியது. ராசு கமலாசனியைப் பார்த்தான். வேண்டாம் என்று கண்ணால் ஒரு அசைவு வந்தால் போதும், விரலை மடித்துவிடுவான். அசைவு வரவில்லை. முதுகில் தெளித்தான். தலைப்பக்கம் போனான். பதினொரு வருசத்தில் அந்தச் சொட்டு இவ்வளவு கனமாக இருந்தது இல்லை. ஒருவேளை ஒருதரம் இருந்தது.

விட்டான்.

வாத்தியார் மாலை அறுந்து விழுகிறமாதிரி உதறியது.

“உத்தரவு!” என்று சனம் கத்தியது. நேசமலர் கையெடுத்துக் கும்பிட்டு, “இருக்கிறார் அக்கா, உங்கட மனுசன் இருக்கிறார்!” என்று அழுதாள். வெட்டுகிறவன் ஓரடி முன்னால் வந்தான். ராசு கண்ணை மூடிக்கொண்டான்.

“பொறுங்கோ” என்றாள் கமலாசனி.

“என்ன பிள்ளை பொறுக்கிறது? உத்தரவு கிடைச்சிட்டுது” என்றார் வீரகத்தியர்.

“ஓம். ஆச்சி ஓம் எண்டவா. எப்ப எண்டு சொல்லேல்லையே.”

வீரகத்தியருடைய மீசை ஒரு பக்கம் ஏறியது. “எப்ப எண்டால்?”

“இந்த நேர்த்தி அவருக்காக வைச்சது. அவர் வரட்டும். வந்து தன்ர கையால கயிற்றைப் பிடிச்சுக் குடுப்பார். ஆச்சி ஓம் எண்டாப் பிறகு அவர் வராமல் இருப்பாரோ? வருவார்தானே பூசாரியார்?”

வராமல் போகலாம் என்று வீரகத்தியர் காளியாச்சியின் வாசலில் நின்று எப்படிச் சொல்லுவார்? மணியை ஒரு கையிலிருந்து மற்றக் கைக்கு மாற்றினார். வெட்டுகிறவனைப் பார்த்தார். அவன் அவரைப் பார்த்தான். அந்த நேரம் ஷெல் ஒன்று கொஞ்சம் கிட்ட விழுந்தது. கேட்ட கேள்விக்குப் பதில் தேட நேரம் இருக்கவில்லை. “சரி, அப்ப அவர் வந்தாப் பிறகு” என்று சொல்லிவிட்டு அவர்தான் முதலில் ஓடினார். சனம் கலைந்தது. கமலாசனி அவசரப்படாமல் வாத்தியாரின் கழுத்திலிருந்த மாலையைக் கழற்றினாள். அம்மன் காலடியில் இருந்த தட்டில் கையை வைத்துக் குங்குமம் எடுத்து நெற்றியில் வைத்துக்கொண்டாள். ராசுவைத் தாண்டிப் போனாள். பார்க்கவில்லை.

அடுத்த வைகாசிக்கு முன்னமே ராசு வீரகத்தியரிடம் போய், கை நடுங்குகிறது, இனித் தண்ணீர் தெளிக்க மாட்டேன் என்று சொல்லிவிட்டான். அந்த வேலைக்கு வந்த புது ஆள் மிகவும் பக்தியானவன். பக்தியோடு தெளித்தான். ஆடுகள் மரியாதையாகப் பார்த்துக்கொண்டு நின்றன. கடைசியில் வாளியோடு தூக்கி ஊற்றினான். ஆடுகள் எல்லாம் சம்மதித்தன, முன்வரிசையில் நின்ற சனமும் சம்மதித்தது.

ராசு குழை வெட்டுவதை மட்டும் விடவில்லை. வர வேண்டாம் என்றுதானே சொன்னாள், வெட்ட வேண்டாம் என்று சொல்லவில்லையே. அவளிடம் படித்த நியாயம்தான். காலையில் கட்டைக் கொண்டுபோய் வேலிக்கு வெளியே வைத்துவிட்டு வந்துவிடுவான். பின்னேரம் அந்தப் பக்கம் போனால் கட்டு இருக்காது. உள்ளேயிருந்து சில நேரம் குரல் கேட்கும். “வாத்தியார், தலையை ஏன் சரிக்கிறியள்? நல்ல குழைதானே.” அவன் நின்று கேட்டுவிட்டுப் போவான். அவனுக்குச் சொன்னது இல்லை. இருந்தாலும் குழை நல்லது என்றது அவனுடைய காதிலும்தான் விழுந்தது.

இப்படி ஒரு வருசம் போனது. இன்னொன்று போனது. சண்டை மாங்குளத்துக்கு வந்தது, பிறகு விலகிப்போனது. இரண்டாயிரத்து ஒன்றில் வாத்தியாருக்கு ஐந்து வயது. வேள்விக்கு விட்ட கிடாய் இத்தனை வயது இருந்ததை அந்தப் பக்கத்தில் யாரும் கண்டதில்லை. கொம்பு பின்னால் வளைந்து, தாடி நெஞ்சைத் தொட்டது. நாற்றம் வாய்க்காலுக்கு இந்தக் கரை வரைக்கும் வந்தது. கமலாசனியின் மனுசன் வரவில்லை. வரவில்லை என்பதற்காக அவள் பொட்டை எடுக்கவும் இல்லை. ஒவ்வொரு வைகாசியும் வீரகத்தியர், “என்ன பிள்ளை, ஆள் வந்தாச்சோ?” என்று கேட்பார். “வருவார்” என்பாள்.

அந்த மார்கழியில் ஒரு நாள், மழை விட்ட நேரம், ராசு குழைக் கட்டோடு போனபோது வேலியில் நட்ட கதியால் மரத்தின் வெட்டிய முனையில் ஒரு கிளாஸ் இருந்தது. மேலே பூவரசம் இலை ஒன்று மூடி, இலையின்மேல் ஒரு துண்டுப் பனங்கட்டி. படலை பூட்டியிருந்தது. முற்றத்தில் யாரும் இல்லை. வாத்தியார் மட்டும் கட்டையடியில் நின்று அவனைப் பார்த்துக் காதை மடக்கியது. மூன்று வருசமாகியும் அது மறக்கவில்லை.

தேத்தண்ணி ஆறியிருந்தது. ராசு வேலிக்கு வெளியே நின்றபடி குடித்தான். வாய்க்காலில் இறங்கிக் கிளாசைக் கழுவினான். குனிந்ததும் தன் முகத்தையும் கழுவவேண்டும்போல இருந்தது. இரண்டு கை தண்ணீர் அள்ளி அடித்தான். ஒரு சொட்டு காதுக்குள் போனது. தலையை உதறினான்.

உதறிவிட்டுக் கொஞ்ச நேரம் அப்படியே தண்ணீரில் நின்றான். பிறகு ஏறி வந்து, கிளாசைக் கதியாலில் கவிழ்த்து வைத்துவிட்டு, குழைக் கட்டை வேலியோரம் சாத்தினான். முருங்கை மேலே தெரிகிறமாதிரி.